பொம்புளைப் பக்கத்துக் கசட்

சாய்ந்தமருதில் ஆயிஷா உம்மாவின் வாய்க்குப் பயப்படாத ஆள் கிடையாது. அப்படிப்பட்டவர் இப்போது ஹப்ஸாவின் மேசைக்கு முன்னால் முந்தானையைப் பிசைந்துகொண்டு நின்றார்.

“ஹப்ஸாக் கிளி, என்ட மகள்ட கலியாணக் கசட் கிடைச்சிச்சா?”

பழைய வீடியோக் கசட்டுகளைச் சேர்த்துக் காக்கிற நிலையமொன்று கல்முனையில் இருந்தது. சேறு பிடித்த கசட்டைத் துடைத்து, ஓட்டிப் பார்த்து, கம்ப்யூட்டரில் ஏற்றுவது அங்கே ஹப்ஸாவின் வேலை. யுத்தம் முடிந்து தெருவெல்லாம் வெடி கொளுத்திய மாதம் அது. கொழும்புக்காரர்கள் கேட்டதெல்லாம் சுனாமிப் படம். மையித்துகள், செத்த உடம்புகள், தெளிவாகத் தெரிந்தால் நல்லதாம். நாசமாய்ப் போக!

ஆயிஷா உம்மாவின் மகள் ஜெஸீலா சுனாமியில் கடலோடு போனவள். வீடும் போய், வீட்டிலிருந்த படமெல்லாம் போய், மகளின் முகமே மறந்துகொண்டு வருகுது என்று உம்மா அழாத நாளில்லை. கலியாணத்தைப் படமெடுத்த றஸாக், தன் ஸ்ரூடியோக் கசட்டுகளை மூட்டையாகக் கட்டி நிலையத்துக்குக் கொடுத்திருந்தான். உம்மாவுக்கு இருந்த கடைசி நம்பிக்கை அந்த மூட்டைதான்.

அதிலும் ஒரு வில்லங்கம். பொம்புளைப் பக்கத்தை, பொண்ணும் பெண்களும் இருந்த இடத்தை, எடுத்தவள் றஸாக்கின் மனைவி ஸகியா. பிற ஆண்கள் கண்ணில் படக்கூடாதென்று, எங்களூரில் அந்தக் கசட்டை ஸ்ரூடியோவில் வைத்திருக்கக் கூடாது. வீட்டுக்குக் கொப்பி கொடுத்ததும் அழித்துவிட வேணும். ஆயிஷா உம்மா அதோடு விட்டாரா? கடை வாசலில் நின்று, அழித்துவிடுவேன் என்று றஸாக்கிடம் சத்தியம் வாங்கிக்கொண்டுதான் போனார்.

றஸாக் சத்தியத்தைக் காப்பாற்றினான். கடல் வந்த அன்று புதுக் கசட்டுக்கு எங்கே போவது? அழிக்க வைத்திருந்த அதையே கமராவில் போட்டுக்கொண்டு கரைக்கு ஓடினான். கசட்டின் மேலே இன்னும் ஜெஸீலாவின் பெயர் இருந்தது. உள்ளே கரை நெடுகக் கிடந்த மையித்துகள்.

ஆனாலும் கசட்டின் அந்தம்வரை ஓட்டிப் பார்க்காமல் அவள் எதையும் மூடுவதில்லை. மேலே எடுத்தது முடிந்த பிறகு, முன்னே எடுத்ததில் கொஞ்சம் மிஞ்சிக் கிடக்கும். இதிலும் கிடந்தது.

“மகள்ட முகம் இல்ல உம்மா, குரல்தான் இரிக்கி. பாக்காம இரிக்கிறது நல்லம்.”

“குரலா? அல்லாஹ்வே! போடு புள்ள, போடு!”

மையித்துகளைக் கடத்தி, அந்த இடத்தில் ஹப்ஸா ஓடவிட்டாள். சிவப்புக் கூறைச் சேலை தெரிந்தது. மருதோன்றி வைத்த விரல்கள் தெரிந்தன. கமரா மெல்ல மேலேறி முகத்தின் நாடி நுனிக்கு வந்தது. அவ்வளவுதான், ஒரு கை குறுக்கே பாய்ந்து திரை முழுவதையும் மறைத்தது.

“முகத்த எடுக்காத ஸகியா! என்ட புள்ளய கண்டவனெல்லாம் பாக்கவா?” அது ஆயிஷா உம்மாவின் குரல்.

கைக்குப் பின்னாலிருந்து ஒரு சிரிப்பு. “உம்மா, கைய எடுங்க உம்மா. ஒருக்கா எடுக்கட்டும்.”

கை அசையவில்லை. கசட் முடிந்தது.

“திருப்பிப் போடு.”

ஹப்ஸா திருப்பிப் போட்டாள். கை வந்ததும் ஆயிஷா உம்மா பாய்ந்து திரையைப் பிறாண்டினார்.

“எடுடி பாவி! புள்ள கேக்கிறாள், கைய எடுடி!”