தாடைக்குக் கீழே ஒரு சுவிட்ச்

சினிமாவில் வரும் அந்த மிருகத்துக்கு உடம்பு அண்ணனுடையது, முகம் தம்பியுடையது. இருபது கிலோ ரப்பர் தோலை மாட்டிக்கொண்டு உள்ளே வெந்து சாவது அண்ணன். பத்தடி தள்ளி, மின்விசிறிக்கு எதிரே நாற்காலி போட்டு, ரிமோட்டில் புருவத்தையும் உதட்டையும் ஆட்டுவது தம்பி. பாராட்டு யாருக்குப் போகும் என்று கேட்கவே வேண்டாம். "கண்ணு என்னமா பேசுது!" என்று ஊரே வாயைப் பிளக்கும். முதுகு பேசுகிறது என்று இதுவரை ஒருத்தரும் சொன்னதில்லை.

அதையெல்லாம் அண்ணன் பல்லைக் கடித்துக்கொண்டு பொறுத்து வந்தான். ஆனால் பெற்ற மகளே பள்ளிக்கூடத்தில், "எங்க சித்தப்பாதான் அந்த மிருகம்" என்று பீற்றிக்கொண்டு வந்தாள்.

"அப்ப அப்பா யாரு?" என்று கேட்டான்.

"நீங்க உள்ள இருப்பீங்கப்பா" என்றாள், தலையணைக்குள் இருக்கும் பஞ்சைச் சொல்வதுபோல. அவனுக்கு வயிறு பற்றி எரிந்தது. கூடப்பிறந்தவன்மேல் இப்படி எரியக் கூடாதுதான். எரிந்ததே, என்ன செய்ய?

இன்று படப்பிடிப்புக்கு மகளும் வந்திருந்தாள். குட்டியைப் பறிகொடுத்த மிருகம் அழும் காட்சி. வந்தவள் நேரே போய் உட்கார்ந்தது சித்தப்பா பக்கத்தில்.

முகமூடிக்குள் தாடைக்குக் கீழே ஒரு சுவிட்ச் உண்டு. முகத்தை ஆட்டும் மோட்டார் சூடாகிச் சுட்டால் உள்ளே இருப்பவன் தாடையால் அழுத்தி நிறுத்திக்கொள்ளலாம். வெளியே இருப்பவருக்கு அது எட்டாது. 'ஆக்‌ஷன்' என்று குரல் வந்ததும் அண்ணன் அதை அழுத்தினான். முகம் செத்தது. இப்ப அழ வை பார்க்கலாம், என்று உள்ளுக்குள் கறுவினான்.

குட்டியின் பொம்மையைக் கையில் ஏந்தினான். சித்தப்பாவை ஒட்டி உட்கார்ந்திருந்த மகள் நினைவுக்கு வந்தாள். தோள் தானாகத் தொங்கியது. முழங்கால் மடங்கியது. ரப்பருக்குள் அவன் நிஜமாகவே அழுதுவிட்டான்.

"கட்!" இயக்குநர் எழுந்து ஓடினார், தம்பியிடம். "தினம் புருவத்தைப் போட்டு ஆட்டித் தள்ளுவே. இன்னைக்கு ஒண்ணுமே ஆட்டாம எல்லாரையும் அழ வச்சிட்டியேப்பா!" மகள் கண்ணைத் துடைத்துக்கொண்டு சித்தப்பா கழுத்தைக் கட்டிக்கொண்டாள்.

தம்பி திருதிருவென்று விழித்தான். அவளை விலக்கிவிட்டு வந்து மிருகத்தின் தலையைக் கழற்றினான்.

"அண்ணே, ரிமோட் வேலையே செய்யல. அழுதது பூரா நீங்கதான்! இருங்க, எல்லார்கிட்டயும் சொல்றேன்." சொல்லிக்கொண்டே தலைக்குள் எட்டிப் பார்த்தான். சுவிட்ச் அணைந்திருந்தது. மோட்டாரைத் தொட்டான். சில்லென்று இருந்தது.

தம்பி நிமிர்ந்து அண்ணன் முகத்தைப் பார்த்தான்.

"சொல்லட்டுமாண்ணே?" என்றான் மெதுவாக. குரலில் குத்தல் இல்லை. அதுதான் அண்ணனுக்குத் தாங்கவில்லை.

அதற்குள் மகள் ஓடி வந்துவிட்டாள். "அப்பா, சித்தப்பா எப்படி அழுதாரு, பார்த்தீங்களா?"

"பார்த்தேம்மா" என்றான் அண்ணன்.