நாம் சொல்ல

எழுத்தைப் படியெடுக்கக் கல்லின் மேல் ஒட்டி மை ஒற்றிய தாள் இன்னும் காயவில்லை. ஈரத்தில் உரித்தால் கிழிந்துவிடும். அதனால்தான் வினோதினி ஓடவில்லை.

பெரம்பலூர் கல்லூரியில் வரலாறு நடத்துகிறவள் அவள். சோழர் கால அரசிகளின் அரண்மனையைப் பற்றிப் புத்தகம் எழுதிக்கொண்டிருந்தாள். உடையார்பாளையம் பக்கம், வைத்திலிங்கத்தின் கரும்புக்காட்டு மோட்டார் கொட்டகையில் துணி துவைக்கக் கிடந்தது அந்தக் கல். ஒரு ராணியின் ஆணை அதில் இருந்தது. போரில் பிடித்து வந்த மூன்று பெண்கள் அரண்மனையிலிருந்து தப்பி ஓடினார்கள். ராணி அவர்களைப் பிடித்து வரச் சொல்லி, உள்ளங்காலில் சூடு வைக்கச் சொன்னாள். அதைப் பெருமையாகக் கல்லிலும் வெட்டச் சொன்னாள். சூடு வைத்தவன் பெயர் மட்டும் கல்லில் இல்லை.

வைத்திலிங்கத்துக்கு அந்த ராணி குலத்துப் பாட்டி. வருடா வருடம் விழா, பஸ் ஸ்டாண்டு வரை ஃபிளெக்ஸ். கல்லை முதல் தடவை படித்துவிட்டு வினோதினி பத்திரிகையில் எழுதியதை யாரோ அவருக்கு வாசித்துக் காட்டிவிட்டார்கள். அவள் படியெடுக்க வந்த அன்று அவர் கொட்டகைக்கே வந்துவிட்டார்.

"ஏம்மா, படிச்சுப் பாக்குறேன்னுதானே கேட்ட? எங்க பாட்டிய கொலைகாரி மாதிரி எழுதி வச்சிருக்க?"

"கல்லுல இருக்கறதத்தாங்க எழுதினேன்."

"கல்லு இருந்தாத்தானே?"

அறைந்தார். தோடு காதைக் கிழித்துக்கொண்டு விழுந்தது. கரும்பு வெட்டிக்கொண்டிருந்த அரியமுத்துவைக் கூப்பிட்டுச் சம்மட்டியைக் கொடுத்தார்.

"கோயிலுக்கு வெளக்கு வச்சாங்கன்னு மாத்தி எழுதிக் குடு. கல்ல வுட்டுடுறேன்."

"மாட்டேங்க."

"அடிடா."

முதல் அடியில் மேல்மூலை பெயர்ந்தது. வினோதினி தாளின் மேல் வலது கையை விரித்து வைத்தாள். அரியமுத்து நின்றான்.

"ஐயா, கை இருக்குங்க."

"எனக்கும் கண்ணு இருக்கு. அடி."

அடித்தான். விரல்கள் முறிந்த சத்தம் கல் பிளந்த சத்தத்துக்குள் போய்விட்டது. மீதி அடிகளை அவள் கொட்டகையை ஒட்டிய வாய்க்கால் சேற்றில் விழுந்து கிடந்து கேட்டாள்.

சாயங்காலம் அரியலூர் ஆஸ்பத்திரியில், அவள் உள்ளங்கையில் ரத்தத்தோடு ஒட்டிக் கிடந்த தாள் துண்டை நர்ஸ் பஞ்சால் நனைத்து எடுத்தாள். கறுப்பு மைக்குள் வெள்ளையாக இரண்டே சொற்கள்: 'நாம் சொல்ல'.

ஏட்டு அறிவரசன் புகாரை எழுதியே கொண்டு வந்திருந்தார்.

"அரியமுத்துவ புடிச்சாச்சுங்க மேடம். இடது கை ரேகைய வச்சுடுங்க."

"வைத்திலிங்கம் பேரு எங்க?"

"சம்மட்டி புடிச்சது அவன்தானேங்க?"

"அடிக்கச் சொன்னது?"

"சொன்னவனையெல்லாம் உள்ள வச்சா ஊருல யாருங்க மிஞ்சுவா?"

அவள் தாள் துண்டை இடது கையால் புகாரின் மேல் வைத்தாள்.

"என்னங்க இது?"

"ராணி வார்த்தை. நான் சொல்லித்தான் சூடு வச்சாங்கன்னு அவளே ஒத்துக்கிட்டா. எழுதுங்க. மொதப் பேரு வைத்திலிங்கம். அரியமுத்து அதுக்குக் கீழ."

ஏட்டு பேனாவை மூடினார். வினோதினி கட்டைவிரலை மடக்கிக்கொண்டாள். ரேகை இல்லாத புகாரோடு அவர் ஸ்டேஷனுக்குத் திரும்ப முடியாது. வராந்தாவில் இரண்டு முறை நடந்துவிட்டு வந்து உட்கார்ந்தார். மூடியைக் கழற்றினார்.

"அவருக்கு இனிஷியல் என்னங்க மேடம்?"