வாசற்படியில் நின்ற சாட்சி

1

வைகாசி பிறந்துவிட்டால் வாவி தன் குரலைத் தாழ்த்திக்கொள்ளும். மேற்கே எழும் கச்சான் காற்று வவுணதீவு வயல்களின் ஈரத்தை வாங்கிக்கொண்டு மெல்ல நீரைக் கடக்கும். ஆண்டெல்லாம் அடைத்திருந்த அம்மன் கோயில்கள் கதவு திறக்கும் காலம் இது. வெப்பமும் வேண்டுதலும் ஒருங்கே முதிரும் காலம்.

இந்த வைகாசியில்தான் இக்கதை எனக்குக் கிடைத்தது. ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன்: ஒரு மனுவிலிருந்து வெட்டப்பட்ட வாக்கியங்களால் ஆனது இது. மனு, மகளைப் பறிகொடுத்த அன்னப்பூரணியுடையது. கோயிலில் பதிகம் பாடுபவன் என்பதால் எழுதும் வேலை என்னிடம் வந்தது. வெட்டியவர் சட்டத்தரணி அம்னா.

2

முதல் தொடக்கம்: "தனுஷியாவைக் கொன்றவன் அவள் கணவன் சதீசனே, அவன்..."

அம்னா அதை அடித்துவிட்டார். விசாரித்த நீதிமன்றம் அவனை விடுவித்துவிட்டது. [ஆகவே கதையிலும் நான் அவ்வாறு தொடங்கலாகாது.]

இரண்டாம் தொடக்கம், வழக்கேட்டில் உள்ளபடி: எங்கள் பக்கத்து வழக்கப்படி, அன்னப்பூரணி தான் குடியிருந்த வீட்டையே மகள் தனுஷியாவுக்குச் சீதனமாக எழுதிக்கொடுத்துவிட்டுப் பின்வளவுக் குடிலுக்கு ஒதுங்கினாள். மருமகன் அங்கே குடிவந்தான். உன்னிச்சை வட்டையிலுள்ள வயலும் தன் பெயருக்கு வேண்டும் என்று இரண்டு ஆண்டுகள் கேட்டான். ஒரு பிற்பகல் தனுஷியா கழுத்து இறுகி இறந்துகிடந்தாள். தானே தூக்கிட்டாள் என்றான் அவன். மருத்துவ அறிக்கை கொலை, தற்கொலை இரண்டுக்கும் இடம் வைத்தது.

அலறல் கேட்டது என்று தாய் சாட்சி சொன்னாள். ஆனால் அவள் உள்ளே போகவில்லை. பெற்றவள் கேட்டிருந்தால் ஓடியிருப்பாள். ஓடாததால் அலறல் ஐயத்துக்குரியது என்றது தீர்ப்பு.

3

"உள்ளுக்க ஓடினன் எண்டு எழுதுங்க ஐயா. ஒரு வரிதானே" என்றாள் அன்னப்பூரணி என்னிடம், அம்னாவின் அலுவலகத்தில்.

"வழக்கேட்டில இல்லாதத எழுதினா மனு குப்பைக்குத்தான் போகும்மா" என்றார் அம்னா. "விடுதலைக்கு எதிரா மேன்முறையீடு செய்யிறது அரசாங்கத்துக்காக வழக்காடுற சட்டமா அதிபர்ட கையில. அவர் செஞ்சாலும் கொழும்பில இரிக்கிற நீதியரசர்மார் உங்கட முகத்தப் பாக்கமாட்டாங்க. தாளத்தான் பாப்பாங்க. உங்கள நேர பாத்த நீதிபதி எடுத்தது நியாயமா எடுக்கக்கூடிய முடிவுதான் எண்டா, தங்களுக்கு வேற மாதிரித் தோணினாலும் கை வைக்கமாட்டாங்க."

"அப்ப மேல ஒரு கோர்ட் எதுக்கு கா? அழகுக்கா?"

அம்னாவுக்குச் சிரிப்பு வந்தது, அடக்கிக்கொண்டார். "ஏன்மா நீங்க உள்ளுக்க போகல்ல?"

"அவர் உள்ளுக்க நிக்கக்குள்ள எப்பிடி கா போற? மாமி நான். எங்கட முறைக்கு, மருமகன் நிக்கிற அறைப்படிய மிதிச்சதே இல்ல. மூணுதரம் கூப்பிட்டன். படியிலயே நிண்டன்."

"இத அங்க சொன்னீங்களா?"

"'அவர் உள்ளுக்க நிண்டார்' எண்டன். அதுக்கு மேல ஒருத்தரும் கேக்கல்ல."

அம்னா வழக்கேட்டைப் புரட்டினார். நாற்பத்தோராம் பக்கத்தில் அந்த வரி இருந்தது. தீர்ப்பில் அதைப்பற்றி ஒரு சொல்லும் இல்லை.

"இது போதுமோ தெரியா. ஆனா இதொண்டுதான் இரிக்கி. சாட்சி சொன்ன காரணத்த நீதிபதி எடுத்தே பாக்கல்ல எண்டு கேக்கலாம்."

4

[எனக்கும் தாள் மட்டுமே உண்டு. அலறலை நான் கேட்டவனல்லன். எழுதுகோலால் அன்னப்பூரணியை அந்தப் படியைத் தாண்டவைக்க முடியும். தாண்டவைத்தால், அவள் சொன்ன ஒரே உண்மை பொய்யாகிவிடும்.]

மூன்று முடிவுகள் எழுதிப் பார்த்தேன். ஒன்றில் மறுவிசாரணை. ஒன்றில், தலையிடுவதற்கில்லை என்ற இரண்டு வரிக் கடிதம். மூன்றாவதில் சதீசன் தானாக வந்து அவள் காலில்...

மூன்றாவதை நானே அடித்தேன்.

மனு கொழும்புக்கு, சட்டமா அதிபரிடம் போய்விட்டது. மேன்முறையீட்டுத் தவணை முடிய ஐந்து நாள் இருக்கிறது. கடிதம் வந்தால், வாசகரே, நீங்களே பிரித்துப் பாருங்கள்.

5

நேற்றுக் குளிர்த்திச் சடங்கு. அம்மனின் சினம் ஆற வேப்பிலையால் நீர் தெளித்தார்கள். அன்னப்பூரணி அந்த நீரில் ஒரு செம்பு ஏந்தி வீடு வந்தாள். சதீசன் கைதாகிப் போனபின் ஐந்தாண்டாகப் பூட்டிக்கிடந்த மகளின் அறையைத் திறந்தாள். படியில் சற்று நின்றாள். பிறகு அதை மிதித்து உள்ளே போனாள். நான்கு மூலையிலும் நீர் தெளித்து, ஒரு விளக்கேற்றி வைத்தாள்.

இதை நான் கண்டேன். இது வழக்கேட்டில் சேராது.

கூப்பிடும் குரலுக்கும் ஓடும் காலுக்கும் நடுவே உங்கள் இல்லங்களில் எந்தப் படியும் உயராதிருக்கட்டும். பெண்மக்கள் நீடு வாழ்க. வாவியும் வயலும் குளிர்க.