பதினான்காம் தேதிக் கடிதம்

தலைவரின் நினைவில்லத்தைத் திறந்து மூன்று வாரம் ஆனபின், கூட்டம் கொஞ்சம் அடங்கியிருக்கும் என்று பிசியோதெரபிஸ்ட் தன் கணவரோடு போய் வரிசையில் நின்றாள். நாடு இரண்டாக உடையாமல் காத்தவர், குத்தகைக்காரர்களுக்கு நிலத்தை எழுதிக் கொடுத்தவர், இரண்டு தடவை சிறைக்குப் போனவர் என்று சுவர் முழுக்க எழுதியிருந்தார்கள். அவளுக்குத் தெரிந்த தலைவர் வேறு. பக்கவாதத்தில் அவருடைய வலது கை விழுந்துவிட்ட பிறகு, பதினோரு வாரம் தினமும் காலை எட்டு மணிக்கு வீட்டுக்குப் போய் அந்தக் கையை மடக்கி நீட்டியவள் அவள். சட்டைப் பொத்தான் போட முடியாமல் அவர் சின்னப் பிள்ளை மாதிரி கோபித்துக்கொண்டதைப் பார்த்தவள்.

கடைசி அறையில் கண்ணாடிப் பெட்டிக்குள் அந்தக் கடிதம் இருந்தது. "எனக்குப் பிறகு கட்சியையும் நாட்டையும் நிதியமைச்சரே வழிநடத்தட்டும்." தலைவர் இறந்த மறுநாள் இதை வானொலியில் வாசித்தார்கள், கட்சியில் எல்லா வாயும் அதோடு அடைத்துப்போனது. அவர் சொல்ல யாரோ எழுதியிருப்பார்கள் என்றுதான் மூன்று வருடமாக அவளும் நினைத்திருந்தாள். ஆனால் பெட்டியின் கீழே இருந்த அட்டை 'தலைவர் தம் கைப்பட எழுதியது' என்றது. தேதி, அவர் இறந்த மாதம் பதினான்கு.

அவளுக்குத் தூக்கிவாரிப் போட்டது. பதினான்காம் தேதி அவரால் ஸ்பூன் பிடிக்க முடியவில்லை. இங்கே எழுத்து அச்சுக் கோத்த மாதிரி நின்றது.

"இது அசல்தானாப்பா?" என்று காவலுக்கு நின்ற ஊழியரைக் கேட்டாள். அவர் அவளை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, "உங்க பேர் என்னம்மா?" என்றார்.

கணவர் அவள் முழங்கையைப் பிடித்து வெளியே இழுத்து வந்தார். "கேக்கறதுக்கு வேற இடமே கிடைக்கலையா உனக்கு?"

வீட்டுக்கு வந்ததும் அலமாரியின் அடியிலிருந்து பயிற்சி நோட்டை எடுத்தாள். துணி சுற்றிய தடிமனான பேனாவைப் பிடித்து, தினமும் நாலு வரி தலைவர் எழுதிப் பழகியது. பக்கத்துக்குப் பக்கம் அவளே தேதி போட்டிருந்தாள். பதின்மூன்று, பதினான்கு, பதினைந்து: கோணல்மாணலாக, வரியை விட்டு ஓடும் எழுத்துகள். பதினைந்தாம் தேதிப் பக்கத்தில் மட்டும், அவள் கொடுத்த சொற்களை விட்டுவிட்டு அவராகவே எழுதியிருந்தார்: 'யாரையும் நான் சொல்ல மாட்டேன். ஓட்டுப் போடட்டும்.' அன்றைக்கு அவள் கையைத்தான் பார்த்தாள், வாக்கியத்தைப் பார்க்கவில்லை.

இரண்டு நாள் கழித்து தலைவரின் பழைய செயலாளர் அவளுடைய கிளினிக்குக்கு வந்தார். நினைவில்லத்துக்கு இப்போது அவர்தான் பொறுப்பு. தோள்பட்டையில் தாங்க முடியாத வலி என்றார். அவள் கையைத் தூக்கினாள், சுழற்றினாள், பின்னால் வளைத்தாள். எண்ணெய் போட்ட கீல் மாதிரி சுற்றியது.

"சார், இந்தத் தோள்ல ஒரு வலியும் இல்ல."

அவர் சிரித்தார். "விஷயத்துக்கு வரேன், டாக்டரம்மா. ஐயா எழுதின காகிதம் ஏதாவது உங்ககிட்ட இருக்கா? நினைவில்லத்துல பத்திரமா வச்சுக்கலாமேன்னு பாத்தேன்."

"அதெல்லாம் அப்பவே கிழிச்சுப் போட்டாச்சு சார்."

அவர் போனதும் நோட்டை எக்ஸ்ரே உறைகளுக்கு நடுவில் செருகினாள். அன்றிலிருந்து தெருவில் நின்ற பைக்கெல்லாம் அவளுக்காகவே நிற்பதுபோல் இருந்தது. கடிதத்தை எழுதியது செயலாளர்தான் என்று முடிவே கட்டிவிட்டாள்.

வெள்ளிக்கிழமை தலைவரின் மனைவி போன் செய்தார். "முட்டி வலிக்குதும்மா, வந்துட்டுப் போறியா?" இவருமா? போகும் இடத்தைக் கணவரிடம் இரண்டு தடவை சொல்லிவிட்டுக் கிளம்பினாள்.

அந்த அம்மாளின் முட்டி உண்மையாகவே வீங்கியிருந்தது. கட்டுப் போட்டுவிட்டு நிமிர்ந்தபோது மேஜைமேல் மருந்துச் சீட்டு கிடந்தது. எந்த மாத்திரை எத்தனை மணிக்கு என்று அவரே எழுதி வைத்தது. அதே நிமிர்ந்த கொம்பு, அதே சுழி. கண்ணாடிப் பெட்டிக்குள் பார்த்த அதே எழுத்து.

அந்த அம்மாள் அவள் பார்வையைக் கவனித்துவிட்டார். "அவருக்கு வந்த கடுதாசிக்கெல்லாம் முப்பத்தெட்டு வருஷமா பதில் எழுதினது நான்தாம்மா. அவர் கையெழுத்துன்னு ஜனங்க கும்பிடறாங்களே, அது என் கையெழுத்து."

"அந்தக் கடைசிக் கடுதாசியையும் எழுதினது நீங்கன்னா பரவால்லம்மா. அவர் சொன்னாரா?"

அந்த அம்மாள் சீட்டை எடுத்து மடித்தார். "சொல்லல. நாலு பேர் நாலு பக்கமும் ஆள் சேத்துக்கிட்டிருந்தாங்க. வெட்டு குத்துல போய் முடியும்னு பயந்துட்டேன். அடுத்து யாருன்னு நான் கேட்டப்பல்லாம் அவர் முகத்தைத் திருப்பிக்கிட்டார்."

"வேற ஒண்ணு எழுதி வச்சிருக்கார்ம்மா."

அந்த அம்மாள் நிமிர்ந்து உட்கார்ந்தார். "என்கிட்ட கொடு."

கேட்டது ஆசையிலா, அழிக்கவா? அவளுக்குப் பிடிபடவில்லை. "கொடுக்க மாட்டேன்ம்மா. காட்டறேன். நீங்க கிளினிக்குக்கு வாங்க."

மறுநாள் அவர் ஆட்டோவில் தனியாக வந்து இறங்கினார். நோட்டை அவள் கையில் வைத்தபடியே பிடித்திருக்க, அவர் குனிந்து படித்தார். அழவில்லை. "என்கிட்ட வாயத் திறக்காத மனுஷன், நோட்டுல திறந்திருக்கார்" என்றார். பிறகு, "ஒரு பேனா கொடு."

கடிதத்தை எழுதியது தான்தான் என்று அங்கேயே உட்கார்ந்து எழுதிக் கையெழுத்துப் போட்டார். அதையும் நோட்டையும் இருவருமாகப் போய் ஆவணக் காப்பகத்தில் ஒப்படைத்து ரசீது வாங்கினார்கள்.

செய்தி வெளியே வந்ததும் ஊர் ரெண்டுபட்டது. நோட்டே போலி என்றார்கள் ஒரு சாரார். எதிர்க்கட்சியிடம் டாக்டரம்மா எவ்வளவு வாங்கினாள் என்று பத்திரிகைக்காரர்கள் பக்கத்து வீட்டில் விசாரித்தார்கள். வந்துகொண்டிருந்த நோயாளிகளில் பாதிப் பேர் நின்றுபோனார்கள். வேறு வழியில்லாமல், ஐந்து மாதம் கழித்துக் கட்சி தலைமைக்கு வாக்கெடுப்பு வைத்தது. கடிதத்தால் பதவிக்கு வந்த அந்த முன்னாள் நிதியமைச்சரே ஜெயித்தார், நாற்பத்தொரு ஓட்டு வித்தியாசத்தில்.

வானொலியில் அதைக் கேட்ட கணவர், "பாத்தியா, கடைசியில அதே ஆள்தான். இதுக்கா இத்தனை பாடு?" என்று சிரித்தார்.

அவள் சிரிக்கவில்லை. வானொலியின் சத்தத்தைக் கூட்டி வைத்து, "ஓட்டை எண்ணினது யாருன்னு சொன்னாங்களா?" என்று கேட்டாள்.