ஏட்டில் எழுந்த பெயர்

இருபத்திரண்டு வீட்டு விளக்குக் கரியும் பூசியாகிவிட்டது. ஏடு வாய் திறக்கவில்லை.

அய்யனார் கோயில் மண்டபத்தில் முதுகு வளையாமல் உட்கார்ந்திருந்த சிங்காரவேலு, கடைசிக் கரியை ஈரத்துணியால் துடைத்தார். உடையார்பாளையத்துக்குக் கிழக்கே இருந்த அந்தச் சின்ன ஊரில் திருட்டு நடந்தால் முதலில் போலீசுக்குப் போகமாட்டார்கள். சுவடியை எடுக்கச் சொல்வார்கள். எந்த வீட்டு விளக்கின் கரியைக் கடைசி வெற்றேட்டில் பூசுகிறார்களோ, அந்த வீட்டில் அடுத்தவர் உடைமையை எடுத்து இன்னும் திருப்பிக் கொடுக்காதவன் பெயர் அதில் எழும். பழைய வட்டெழுத்தில்தான் எழும். அதை வாசிக்கத் தெரிந்தது சிங்காரவேலு ஒருவருக்குத்தான். அதற்காகவே திருவிழாவில் முதல் பரிவட்டம் அவர் தலையில் கட்டப்பட்டது. அவர் அப்பன் தலையிலும், பாட்டன் தலையிலும் அப்படித்தான்.

இந்த முறை களவு போனது வீரமுத்துவின் போர்வெல் மோட்டார் கேபிள். செம்புக்காக யாரோ அறுத்துக்கொண்டு போய்விட்டார்கள். தண்ணீரில்லாமல் மக்காச்சோளம் சுருண்டு கிடந்தது.

"எல்லா வூடும் முடிஞ்சிருச்சு பெரியப்பா. ஒரு வூடுதான் பாக்கி" என்றான் வீரமுத்து.

"எந்த வூடு?"

"தெரியாத மாதிரி கேக்கறீங்களே."

பின்னால் யாரோ சிரித்தார்கள். யாரென்று சிங்காரவேலு திரும்பிப் பார்க்கவில்லை; ஆனால் மூன்று பேர்மீது சந்தேகம் வைத்துக்கொண்டார்.

"சுவடி காக்கற வூட்டுக் கரிய ஏட்டுல பூசற வழக்கமில்ல. தராச யாராச்சும் நிறுத்துப் பாப்பாங்களா?"

"ரேஷன் கடைத் தராசுக்கே வருசா வருசம் முத்திரை வைக்கறாங்க பெரியப்பா."

இந்த முறை எல்லாருமே சிரித்தார்கள். சிங்காரவேலு சுவடியைப் பட்டில் சுற்றினார். "சாயங்காலம் வாங்க" என்று சொல்லிவிட்டு எழுந்தார்.

வீடு வரும்வரை வீரமுத்துவைத்தான் சந்தேகித்தார். பரிவட்டத்தின்மேல் பங்காளிக்குக் கண். கேபிளைத் தானே அறுத்து ஒளித்துவிட்டு நாடகம் ஆடுகிறானோ? தன் பொருளைத் தானே எடுத்தால் ஏட்டில் பெயர் எழாதே. இல்லை, ஏடே செத்துவிட்டதோ?

வாசலில் மகன் ராஜவேல் வண்டியைத் துடைத்துக்கொண்டிருந்தான். அவன் உள்ளங்கையில் துணிக்கட்டு. சிங்காரவேலுவின் நடை நின்றது. இந்தக் கட்டு எப்போது வந்தது? கேபிள் போன மறுநாளா, முந்தின நாளா? வாரத்தில் மூன்று நாள் அரியலூருக்குப் போகிறானே, எதற்கு?

ஒன்றும் கேட்காமல் உள்ளே போய் மகனுடைய பையைக் கொட்டினார். ஒரு கட்டிங் பிளேயர் விழுந்தது.

"பம்புசெட்டு இருக்கற வூட்டுல அது இல்லாம வேற என்ன இருக்கும்?" என்றாள் அவர் மனைவி ஜெயலட்சுமி. "பெத்த புள்ள பைய சோதனை போடறீங்க. நல்லாவா இருக்கு?"

"கையில என்ன கட்டுன்னு கேளு."

"கேட்டுட்டேன். கரும்பு வெட்டறப்பப் பட்டது. எறையூரு ஆலைக்கு லோடு போன அன்னிக்கு."

"உன்கிட்ட அப்படிச் சொல்லியிருக்கான்."

ராஜவேல் வாசற்படியிலேயே நின்று எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தான். பிறகு சாமியறைக்குப் போனான். காமாட்சி விளக்குக்கு மேல் படிந்திருந்த கரியைச் சுரண்டி, ஒரு வெற்றிலையில் மடித்து அப்பாவிடம் நீட்டினான்.

"பூசுங்கப்பா."

இது துணிச்சலா, நடிப்பா? அவருக்குப் பிடிபடவில்லை. ஆனால் ஒன்று தெளிவாகிவிட்டது. மறைத்தால் மானம் போகும். பெற்ற மகனையே ஊர் நடுவே காட்டிக்கொடுத்தால், இப்படியும் ஒரு நேர்மையான குடும்பமா என்று ஏழு ஊர் புகழும். வெற்றிலையை மடியில் செருகினார்.

சாயங்காலம் ஊரே மண்டபத்தில் இருந்தது. சிங்காரவேலு, "என் வூட்டுக் கரி. எவன் பேரு எழுந்தாலும் மறைக்கமாட்டேன்" என்று சொல்லி மகனை ஒருமுறை பார்த்தார். கோவையிலைச் சாற்றில் கரியைக் குழைத்து ஏட்டில் பூசி, துணியால் ஒற்றி எடுத்தார்.

ஓலை கறுத்தது. எறும்பு ஊர்வதுபோல எழுத்துகள் ஒவ்வொன்றாக எழுந்தன.

ராஜவேல் இல்லை. ஒரே ஒரு பெயர். சிங்காரவேலு.

கேபிளை அவர் தொட்டதுகூட இல்லை. ஆனாலும் ஏடு எதைச் சொல்கிறது என்று அவருக்கு உடனே தெரிந்துவிட்டது. பத்தொன்பது வருடத்துக்கு முன் இதே கோயிலில் வெண்கல மணி காணாமல் போனது. அன்றும் ஏடு வீடு வீடாகப் பேசாமல் இருந்தது. சுவடி செத்துவிட்டது, பரிவட்டம் எதற்கு என்று ஊர் முணுமுணுத்தது. பங்காளி கிருஷ்ணமூர்த்தியின் மேல் அவருக்கு ஏற்கெனவே சந்தேகம். அவன் வீட்டுக் கரியைப் பூசியபோது வெற்று ஏட்டைப் பார்த்து அவன் பெயரை வாசித்தார். ஏடு சொல்ல மறந்ததைத்தானே நான் சொன்னேன் என்று இத்தனை வருடமும் நினைத்திருந்தார். கிருஷ்ணமூர்த்தி திருப்பூருக்குப் போனவன்தான். மனைவி இங்கேயே இருந்தும், நல்லது கெட்டதுக்குக்கூட ஊர்ப்பக்கம் வரவில்லை.

"யாரு பேரு பெரியப்பா?"

வேறு எவன் பெயரை வாசித்தாலும் கேட்க ஆளில்லை.

"சிங்காரவேலு" என்றார்.

வீரமுத்து மெதுவாகத் தலையாட்டினான்.

"போதும் பெரியப்பா. புரிஞ்சிருச்சு. பெத்த மனசு, புள்ளயக் காட்டிக் குடுக்குமா? எனக்குக் கேபிளும் வேணாம், ஒண்ணும் வேணாம்."

"இதுதான்யா பரம்பரை" என்றார் ஒரு கிழவர், துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டு.

எல்லாக் கண்களும் ராஜவேலின் கைக்கட்டில் போய் நின்றன. அவன் அப்பாவைப் பார்த்தான். அந்தப் பார்வையில் கோபம்கூட இல்லை. செருப்பை மாட்டிக்கொண்டு நடக்க ஆரம்பித்தான். இப்படித்தான் கிருஷ்ணமூர்த்தியும் நடந்தான்.

வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தால் போதும். பரிவட்டம் முன்னைவிட இறுக்கமாகத் தலையில் உட்காரும்.

"ராஜவேலு, நில்லு" என்றார் சிங்காரவேலு. எழுந்து நின்றார். பெண்கள் பக்கம் திரும்பினார். "கலியம்மா, இப்படி முன்னால வா."

கிருஷ்ணமூர்த்தியின் மனைவி கலியம்மாள் முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு வந்தாள். "என்னங்க மாமா?" என்றாள், இன்னும் என்ன பழி வருமோ என்ற சந்தேகத்தோடு.

"அன்னிக்கு உன் வூட்டுக் கரியப் பூசுனப்போ ஏட்டுல ஒண்ணும் எழல. நானாத்தான் சொன்னேன். நான் திருடுனது அவன் நல்ல பேர. அதான் இப்ப என் பேரு எழுந்திருக்கு."

கலியம்மாள் அழுவாள் என்று எதிர்பார்த்தார், அவள் அழவில்லை. இடுப்பிலிருந்து போனை எடுத்து எதையோ அழுத்தி அவரிடம் நீட்டினாள்.

"நான் சொன்னா அவரு நம்பமாட்டாரு. நீங்களே சொல்லுங்க."

சிங்காரவேலு கரி படிந்த கையால் போனை வாங்கிக் காதில் வைத்தார். திருப்பூரில் ரிங் போய்க்கொண்டிருந்தது.