ஜட்ஜய்யாவின் குரல்

பட உலகில் அவரை எல்லோரும் ஜட்ஜய்யா என்றுதான் கூப்பிட்டார்கள். முப்பது வருடத்தில் நூற்றெழுபது படம். அதில் பாதிக்கு மேல் நீதிபதி நாற்காலி. மீதியில் போலீஸ் உயரதிகாரி, மில் முதலாளி, கதாநாயகியின் கண்டிப்பான அப்பா. ஆறடி உயரம், அகன்ற நெற்றி, எதிரில் நிற்பவரை எடைபோடும் கண்கள். அவர் வந்து நின்றாலே காட்சிக்கு ஒரு கனம் வந்துவிடும் என்று இயக்குநர்கள் சொல்வார்கள். வாயைத் திறக்காதவரை அது உண்மைதான்.

அவ்வளவு பெரிய உடம்புக்குள் கடவுள் ஒரு கீச்சுக் குரலை வைத்துவிட்டான். பதினாறு வயதில் உடையும், பதினெட்டில் உடையும் என்று வீட்டில் காத்திருந்தார்கள், உடையவே இல்லை. நாடகக் குழுவில் வாயில்காப்போனாகவும் பிணமாகவும் நடித்தே ஐந்து வருடத்தை ஓட்டினார். முதல் படத்தில் அவர் தீர்ப்பை வாசிக்கத் தொடங்கியதும், விளக்கு பிடித்திருந்தவர்கள்கூட முகத்தைத் திருப்பிக்கொண்டு சிரித்தார்கள். இயக்குநர் மட்டும் சிரிக்கவில்லை. முகம் நமக்குப் போதும், குரலை வேறு இடத்தில் பார்த்துக்கொள்ளலாம் என்று சொல்லிவிட்டு அடுத்த காட்சிக்குப் போய்விட்டார்.

அந்த வேறு இடம் டப்பிங் கூடம். அங்கே ஐந்தடியை எட்டாத ஒரு மனிதர், முகமெல்லாம் அம்மைத் தழும்பு, மைக்குக்கு எட்டுவதற்காக மர ஸ்டூலில் ஏறி நின்றிருந்தார். நடிக்க ஆசைப்பட்டு வந்து, ஒவ்வொரு கம்பெனி வாசலிலும் முகத்தைப் பார்த்த மாத்திரத்தில் திருப்பி அனுப்பப்பட்டவர். அவர் பேசினால் அறையே அதிர்ந்தது. குரல்காரர் என்பதே அவர் பேராகிவிட்டிருந்தது.

தன் உதடுகள் திரையில் அசைய, அந்தக் குரல் அதன் மேல் வந்து உட்கார்ந்ததை ஜட்ஜய்யா கண்ணாடிக்கு இந்தப் பக்கமிருந்து பார்த்தார். உடம்பு சிலிர்த்தது. கொஞ்சம் வயிறும் எரிந்தது.

ஸ்டூலிலிருந்து இறங்கி வந்த குரல்காரர் சொன்னார்: "அண்ணே, ஒரு வார்த்தைய ஆரம்பிக்கறதுக்கு முன்னாடி லேசா மூச்ச இழுக்கறீங்க பாருங்க, அத மட்டும் மாத்திடாதீங்க. அதப் பிடிச்சுக்கிட்டுதான் நான் உள்ள வரேன்."

அதன் பிறகு ஜட்ஜய்யா நடித்த படம் எதுவானாலும் பேசியது குரல்காரர்தான். வேறு வேலை இல்லாத நாளில் அவர் ஷூட்டிங்குக்கே வந்து ஓர் ஓரமாக உட்கார்ந்து, ஜட்ஜய்யா எங்கே நிறுத்துகிறார், எங்கே விழுங்குகிறார் என்று பார்ப்பார். இரண்டு குடும்பமும் நெருங்கிப்போயின. குரல்காரருக்குப் பிள்ளை இல்லை. ஜட்ஜய்யாவின் மகள் அவர் மடியில் ஏறிக்கொண்டு, "மாமா, அப்பா மாதிரி பேசுங்க" என்பாள். அவர் பேசுவார். எல்லோரும் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். ஜட்ஜய்யாவும் சிரிப்பார். சிரித்து முடிந்ததும் எழுந்துபோய்த் தண்ணீர் குடிப்பார்.

வெளியே எங்கே போனாலும் ஜனங்கள் அந்தத் தீர்ப்பு வசனத்தைப் பேசிக் காட்டச் சொல்வார்கள். அவர் தொண்டையைத் தொட்டுக் காட்டி, கட்டியிருக்கிறது என்று கையசைப்பார். அவர் மனைவி சொல்வாள், உலகத்திலேயே முப்பது வருடமாகத் தொண்டை கட்டியிருக்கிற ஒரே ஆம்பளை என் வீட்டுக்காரர்தான் என்று.

பதினெட்டாவது வருடம் அவருக்கு ஒரு விருது கிடைத்தது. மகனுக்கே தண்டனை விதிக்கும் நீதிபதி வேடம். அந்தக் காட்சியில் பாதி முகம், பாதி குரல் என்று பத்திரிகைகள் எழுதின. யார் குரல் என்று எழுதவில்லை. விழாவுக்குக் குரல்காரரையும் அவர் மனைவியையும் ஜட்ஜய்யாவே அழைத்துப் போய் நாலாவது வரிசையில் உட்காரவைத்தார். மேடையில் என்ன சொல்லவேண்டும் என்று வீட்டில் கண்ணாடி முன்னால் பேசிப் பார்த்திருந்தார். இந்த விருதில் பாதி அவருடையது என்று சொல்லி, எழுந்து நிற்கச் சொல்லவேண்டும்.

மேடையேறி, மைக்கைப் பிடித்து, வணக்கம் என்றார். ஒலிபெருக்கியில் அந்தக் கீச்சுக் குரல் கூடமெங்கும் போயிற்று. எங்கேயோ ஒருவர் களுக்கென்று சிரித்தார். பிறகு சிரிப்பு ஒரு வரிசையிலிருந்து இன்னொரு வரிசைக்குப் பரவியது. அவர் நாலாவது வரிசையைப் பார்த்தார். குரல்காரர் எழுந்திருக்கத் தயாராக நாற்காலியின் முன்விளிம்பில் உட்கார்ந்திருந்தார். ஜட்ஜய்யா, தயாரிப்பாளருக்கும் இயக்குநருக்கும் நன்றி என்று சொல்லிவிட்டு இறங்கிவிட்டார்.

காரிலிருந்து இறங்கும்போது குரல்காரர், நல்ல விழா என்றார்.

விழாவில் அவருக்குத் தொண்டை கட்டியிருந்தது என்று பத்திரிகைகள் எழுதின. மறுவாரம் வழக்கம்போல் டப்பிங் நடந்தது. குறை சொல்லும்படி ஒரு வார்த்தை விழவில்லை. ஆனால் அதற்கப்புறம் குரல்காரர் ஷூட்டிங் பக்கம் வரவேயில்லை. வேலை அதிகம் என்றார். ஜட்ஜய்யாவும் கேட்கவில்லை. அந்தப் பதற்றத்தில் மறந்துவிட்டேன் என்று மனைவியிடம் ஒரு தடவை சொன்னார். அவள் அவர் முகத்தைப் பார்த்துவிட்டு உள்ளே போய்விட்டாள்.

இப்படியே பன்னிரண்டு வருடம் ஓடியது. பிறகு குரல்காரரின் தொண்டையில் புற்று வந்தது. உயிரைக் காப்பாற்ற வேறு வழியில்லை என்று குரல்வளையை எடுத்துவிட்டார்கள். ஜட்ஜய்யா ஆஸ்பத்திரிக்குப் போனபோது குரல்காரரின் கழுத்தில் ஒரு துளை, கையில் ஒரு சிலேட்டு. வாங்க அண்ணே என்று எழுதிக் காட்டினார். வார்டு பையன் முதல் டாக்டர் வரை ஜட்ஜய்யாவைச் சூழ்ந்துகொண்டு, அந்தக் குரலுக்காகவே உங்கள் படத்தைப் பார்ப்போம் என்றார்கள். கட்டிலில் கிடந்தவரை ஒருவரும் திரும்பிப் பார்க்கவில்லை. இந்த முறையும் ஜட்ஜய்யா வாயைத் திறக்கவில்லை.

வேறு இரண்டு மூன்று பேரைப் பேசவைத்துப் பார்த்தார்கள். எதுவும் ஒட்டவில்லை. வாய்ப்பு குறைந்து, நின்றும் போயிற்று. அப்போதுதான் ஓர் இளம் பெண் இயக்குநர் தேடி வந்தார். மகனைப் பறிகொடுத்த ஒரு தபால்காரர் வேடம். நாலே பக்கம் வசனம். உங்கள் சொந்தக் குரல்தான் வேண்டும் என்றார். கேலி செய்கிறாரோ என்று ஜட்ஜய்யாவுக்கு முதலில் சந்தேகம். அந்தப் பெண் சிரிக்கவில்லை.

வசனத் தாளை எடுத்துக்கொண்டு அவர் நேராகக் குரல்காரர் வீட்டுக்குப் போனார். தினமும் காலையில் போனார். இவர் படிக்க, அவர் கண்ணை மூடிக் கேட்பார். அவசரப்பட்டால் கட்டில் சட்டத்தில் ஒரு தட்டு. இழுத்தால் இரண்டு தட்டு. எட்டாவது நாளோ ஒன்பதாவது நாளோ, படிப்பதை நடுவில் நிறுத்திவிட்டு ஜட்ஜய்யா சொன்னார்:

"அன்னிக்கு மேடையில நான் மறக்கலப்பா. உன்னைப் பாத்தேன். பாத்துக்கிட்டேதான் இறங்கினேன்."

குரல்காரர் சிலேட்டை எடுத்து எழுதினார்: தெரியும். நானும் உங்களத்தானே பாத்துக்கிட்டு இருந்தேன்.

இன்னும் ஏதாவது எழுதுவார் என்று ஜட்ஜய்யா காத்திருந்தார். அவர் துணியால் சிலேட்டைத் துடைத்துவிட்டு, வசனத் தாளைக் காட்டி, மேலே படிக்கும்படி விரலை அசைத்தார்.

படம் வெளிவர மூன்று வாரம் இருக்கும்போது குரல்காரர் போய்ச் சேர்ந்தார். சாவு வீட்டுக்குப் படக்காரர்கள் ஏழெட்டுப் பேர்தான் வந்தார்கள். வந்தவர்களிலும் இரண்டு பேர் ஜட்ஜய்யாவோடு நின்று படமெடுத்துக்கொண்டார்கள்.

வெளியான முதல் நாள், தன் மனைவியையும் குரல்காரரின் மனைவியையும் பகல் காட்சிக்கு அழைத்துப் போனார். தபால்காரர், மகன் பேருக்கு வந்த கடிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு பேசும் இடம் வந்தது. மெலிந்த அந்தக் குரல் நடுங்காமல், அவசரப்படாமல் வந்தது. பின்வரிசையில் ஒருவன் பக்கத்திலிருந்தவனிடம், யார் குரலையோ போட்டுக் கெடுத்துவிட்டார்கள், இந்த ஆளுக்குச் சுத்தமாகப் பொருந்தவில்லை என்றான். ஜட்ஜய்யாவின் மனைவி வெடுக்கென்று திரும்பினாள். அவர் அவள் கையைப் பிடித்து அமர்த்தினார்.

வெளியே வந்து வண்டிக்காக நின்றபோது குரல்காரரின் மனைவி சொன்னாள்:

"உங்க படத்துக்குப் போனா நான் கண்ண மூடிக்குவேண்ணே. அவரு பேசறதக் கேக்கத்தானே போறது. இன்னிக்குத்தான் தொறந்து வச்சுக்கிட்டுப் பாத்தேன். உங்க முகத்த முழுசா பாத்தது இன்னிக்குத்தான்."

வண்டி வந்ததும் ஜட்ஜய்யா அவளுக்குக் கதவைத் திறந்துவிட்டார்.

அதன் பிறகு அவர் இரண்டு படங்களில் நடித்தார். இரண்டிலும் ஜட்ஜ்தான், இரண்டிலும் வேறு ஆள் குரல். பேசியவர் பெயரைத் திரையில் போடவேண்டும் என்று கேட்டுக்கொண்டார். ஒரு படத்தில் போட்டார்கள். இன்னொன்றில் மறந்துவிட்டது என்றார்கள்.