பாங்கொக்கில் நான்கு மணி

சின்யோரா எமிலியானாவுக்கு எண்பத்தாறு வயது. இடுப்பெலும்பு முறிந்து சக்கர நாற்காலிக்கு வந்து ஒன்றரை வருடம் ஆகிறது. கட்டிலிலிருந்து குளியலறைக்குப் போய்த் திரும்பவே அரை மணித்தியாலம் எடுக்கும் அந்த மனுசிக்கு, மிலானோவில் இருக்கும் மகன் பிறந்தநாளுக்கு உலகச் சுற்றுலா வாங்கிக் கொடுத்திருந்தான். பிள்ளைகளுக்கு எப்படியெல்லாம் யோசனை வருகிறது பாருங்கள். செவ்வாய்க்கிழமை தோறும் காலை பத்து மணிக்கு ஏதோ ஒரு நகரத்தில் ஒரு வழிகாட்டி கமராவும் கையுமாக நடப்பார். இத்தாலியின் பலெர்மோவில், பொலிதேயாமா அரங்கைப் பார்த்த நான்காம் மாடி வீட்டில், சின்யோரா அதைப் பெரிய தொலைக்காட்சியில் பார்ப்பார். எல்லாம் அந்த நேரத்திலேயே நடப்பது. மேசையில் இருக்கும் மைக்கின் பொத்தானை அமர்த்தி "இடது பக்கம் போ", "அந்தக் கடையைக் காட்டு" என்றால் அங்கே நடக்கிறவருக்குக் கேட்கும். லிஸ்பன் போயாயிற்று, இஸ்தான்புல் போயாயிற்று. இரண்டு ஊரிலும் கால்மணி நேரத்தில் சின்யோரா தூங்கிப் போனார். மிச்ச ஊரைச் சுற்றிப் பார்த்தவள் ஞானம்பிகை.

சுற்றிப் பார்த்தாள் என்றுகூடச் சொல்ல முடியாது. அவள் அந்த வீட்டு வேலைக்காரி. சின்யோராவின் உடுப்புகளை மடித்தபடி, வாயோரம் வழிவதைத் துடைத்தபடி, ஒரு கண்ணால் பார்த்தாள். அவள் இருப்பது நகரின் மறுகோடியில், பிரான்காச்சோவில் ஒரு தொடர்மாடி வீட்டில். ஐந்தரைக்கு எழும்பி, சோறு வடித்து வைத்து, இரண்டு பஸ் மாறி எட்டு மணிக்கு இங்கே நிற்கவேண்டும். பத்தொன்பது வருடமாக வேறு வேறு சின்யோராக்கள், அதே முதுகுவலி. ஐம்பத்திரண்டு வயதில் அவளுக்கு ஓர் ஊரைப் பார்த்தால் முதலில் வரும் யோசனை, இதையெல்லாம் யார் கூட்டித் துடைக்கிறார்கள் என்பதுதான்.

மூன்றாவது ஊர் பாங்கொக் என்று தெரிந்தபோது மட்டும் அவள் கையிலிருந்த துவாயைக் கீழே வைத்தாள். நிகழ்ச்சித்தாளில் எழுதியிருந்தது: பழைய புத்த கோவில்கள், பிறகு ஆற்றங்கரையிலிருந்து வானத்தைத் தொடும் புதிய நகரம்.

பாங்கொக்கில்தான் அவளுடைய தம்பி சிந்துஜன் இருந்தான். கனடா போகிறேன் என்று யாழ்ப்பாணத்திலிருந்து வெளிக்கிட்டவன், ஏஜென்சிக்காரன் கைவிட்டதில் அங்கேயே ஒட்டிக்கொண்டு எட்டு வருடம். விசா இல்லை. ஆனாலும் பெரிய ஹோட்டல் ஒன்றில், நாற்பத்திரண்டாம் மாடியில், சமையலறையில் நிற்பதாகச் சொன்னான். அங்கிருந்து பார்த்தால் ஆறு ஒரு நூல் மாதிரித் தெரியுமாம். ஞானம்பிகை அதைச் சின்யோராவிடமும் பெருமையாகச் சொல்லியிருந்தாள். ஊரில் அம்மாவுக்கு அதுவே மருந்து.

கடைசி பதினொரு மாதமாக அவன் முகத்தைக் காட்டுவதில்லை. குரல் வரும், முகம் வராது. கேட்டால் கமரா உடைந்துவிட்டது என்றான். புதுப் போன் வாங்கித் தருகிறேன் என்றால், வேண்டாம் அக்கா, இதுவே போதும் என்றான். பதினொரு மாதமாகக் கமரா திருத்த ஆளில்லாத ஊர் எங்கே இருக்கிறது? அவள் பயந்துபோனாள். சிறையோ, வியாதியோ, வேறு யாரும் அவன் குரலில் கதைக்கிறார்களோ என்றுகூட இரவில் படுத்துக்கொண்டு நினைத்தாள். நேரில் போகவும் வழியில்லை. வதிவிட அனுமதியான பெர்மெசோவைப் புதுப்பிக்கக் கொடுத்திருந்தாள், கையில் இருந்தது ரசீது. ரசீதோடு பிரான்காச்சோவுக்குப் பஸ் ஏறலாம், பாங்கொக்குக்கு விமானம் ஏற முடியாது.

ஒரு தரம் அவன் முகத்தைக் காணவேண்டும். அவளுக்கு வேண்டியது அவ்வளவுதான்.

"உந்தப் படுத்துக்கிடக்கிற புத்தர் கோயில் வாசலிலை வந்து நில்லு. ஒரு பெட்டை கமராவோடை வருவாள். நான் பாத்திட்டு விட்டிடுவன்," என்று அவனிடம் போனில் கேட்டாள்.

"என்ன விசர்க்கதை அக்கா. பொலிஸ் நிக்கிற இடம்."

"சுற்றுலாக்காரர் ஆயிரம் பேர் நிப்பினம். உன்னை ஆர் தேடப்போறாங்கள்?"

"புத்தர் கோயிலிலை போய் நிக்கச் சொல்லுறியள். ஊரிலை புத்தர் வந்தா அவருக்குப் பின்னாலை ஆமிக் காம்பும் வரும்."

"அங்கையுள்ளவர் படுத்துக்கிடக்கிறார், பாவம். ஒண்டும் செய்யமாட்டார்."

அவன் சிரித்தான். மூன்றாவது நாள்தான் சம்மதித்தான். போனைக் கொண்டுவரமாட்டேன், பிடிபட்டால் எல்லாருடைய இலக்கமும் அதில் இருக்கிறது என்றான். மஞ்சள் சேட்டு, வாசலில் நிற்கும் கல்லுத் தொப்பிக்காரச் சிலையின் கீழ் என்று பேச்சானது. "எங்களுக்குப் பத்து. உனக்கு ரெண்டரை. மறந்திடாதை," என்று அவள் சொன்னாள். அவன் "ரெண்டரையோ?" என்று கேட்டுவிட்டு, "ஓம்" என்றான்.

சின்யோராவிடம் அவள் இதைப்பற்றி மூச்சுவிடவில்லை. அடுத்தவர் பரிசில் தான் பங்கு கேட்பது போல இருந்தது. கால்மணி நேரத்தில் தூங்கிவிடுவார்தானே என்பதும் மனதுக்குள் இருந்தது.

அந்தச் செவ்வாய்க்கிழமை மழை. பஸ் பிந்தியது, முழங்கால் இரண்டும் இழுத்துப் பிடித்தன. சின்யோராவைக் குளிப்பாட்டி, தலை சீவி, போர்வை போர்த்தித் தொலைக்காட்சிக்கு முன்னால் கொண்டுவந்து நிறுத்தும்போது பத்தாகிவிட்டது. திரையில் வெயில் பளிச்சென்று அடித்தது. நோக் என்ற மெலிந்த பெண், தலையில் அகன்ற தொப்பியும் காதில் கருவியுமாக, நல்ல இத்தாலியனில் கும்பிட்டாள்.

"வணக்கம், சின்யோரா எமிலியானா! பலெர்மோவில் காலை வணக்கம். பாங்கொக்கில் இப்போது சரியாக மாலை நான்கு மணி."

ஞானம்பிகை திரும்பிச் சுவர் மணிக்கூட்டைப் பார்த்தாள்.

நான்கு மணியா? பலெர்மோவில் இருக்கும் யாழ்ப்பாணத்தார் எவருக்கும் கணக்கு என்றால் ஒரே கணக்குத்தான். ஊர் நேரத்துக்கு மாரியில் நாலரை மணி கூட்டு, கோடையில் மூன்றரை கூட்டு. அம்மாவுக்கு எடுக்க, செத்தவீடு விசாரிக்க, கோவில் தேர் எத்தனை மணிக்கு இழுக்கிறார்கள் என்று பார்க்க, பத்தொன்பது வருடமாக விரல் மடிக்காமல் கூட்டிய கணக்கு. பாங்கொக் யாழ்ப்பாணத்துக்கும் கிழக்கே கிடக்கிறது என்பது தெரியாதவளா அவள்? தெரியும். ஆனால் "உனக்கு ரெண்டரை" என்று வாய் தானாகச் சொல்லிவிட்டது. ஒன்றரை மணித்தியாலம் முந்தியே அவனை அந்த வாசலில், அந்த வெயிலில், பொலிசுக்கு முன்னால் கொண்டுபோய் நிறுத்திவிட்டாள். அடி முட்டாளே என்று தன்னைத்தானே திட்டினாள்.

கமரா வாசலைக் காட்டியது. இரண்டு ஆள் உயரத்தில், தொப்பி வைத்த கல் மனிதர்கள் முறைத்துக்கொண்டு நின்றார்கள். கீழே சனம் படம் எடுத்தது. மஞ்சள் சேட்டு இல்லை.

உள்ளே போனார்கள். நீளமான மண்டபத்தில் பொன்முலாம் பூசிய புத்தர், தலையைக் கையில் தாங்கிப் படுத்திருந்தார். அவருடைய பாதங்களிலேயே ஒரு குடும்பம் குடியிருக்கலாம். முத்துச்சிப்பி பதித்த அந்தப் பாதங்களைப் பற்றி நோக் விளக்கிக்கொண்டே நடந்தாள்.

"இவருக்குத்தான் வாழத் தெரியும்," என்றார் சின்யோரா. "ஆயிரம் பேர் பார்க்கும்போது படுத்துத் தூங்குகிறார்."

சொல்லிவிட்டுத் தானும் தூங்கினார்.

ஞானம்பிகை போர்வையைத் தோள்வரை இழுத்துவிட்டாள். மைக்கைப் பார்த்தாள். அந்த வீட்டில் தூசி துடைப்பதற்கு அன்றி அவள் தொட்ட பொருள் எதுவும் இல்லை. இப்போது அதன் பொத்தானை அமர்த்தினாள்.

"மன்னிக்கவேண்டும். சின்யோரா தூங்குகிறார். நான் அவரைப் பார்த்துக்கொள்பவள். திரும்ப வாசலுக்குப் போக முடியுமா?"

நோக் நின்றாள். "எதையாவது தவறவிட்டீர்களா?"

"என் தம்பியை," என்றாள் ஞானம்பிகை.

அந்தப் பெண் மேலே எதுவும் கேட்கவில்லை. ஆற்றைக் கடக்கும் படகுக்குப் பத்து நிமிடம் இருக்கிறது என்று மட்டும் சொல்லிவிட்டு வேகமாக நடந்தாள். திரை குலுங்கியது. தூண்கள், செருப்புத் தட்டுகள், ஒரு குழந்தையின் முகம், மறுபடி வெயில். கல் மனிதனின் முன்பக்கம் யாரும் இல்லை. நோக் அவனைச் சுற்றிப் பின்னால் போனாள். அங்கே, பீடத்தின் நிழலில், மஞ்சள் சேட்டுப் போட்ட ஒருவன் முழங்காலைக் கட்டிக்கொண்டு குந்தியிருந்தான். கறுப்புத் தொப்பி. பக்கவாட்டில் தெரிந்த கன்னத்தில் நரைத்த தாடி. சிந்துஜனுக்கு முப்பத்தெட்டு வயதுதான்.

"தம்பி!" என்று அவள் கூப்பிட்டது அந்தப் பெண்ணின் காதுக்குள் மட்டும் கேட்டிருக்கும். நோக் காதுக் கருவியைக் கழற்றி அவனிடம் நீட்டினாள். அவன் வாங்கிக் காதில் வைத்தான். முகத்தைத் திருப்பவில்லை.

"அக்கா?"

"எப்ப வந்தனீ?"

"நீங்கள் சொன்ன ரெண்டரைக்கு."

"நான் கணக்குப் பிழைச்சுப் போனன், தம்பி. ஊர்க் கணக்கைக் கூட்டிப்போட்டன்."

"அண்டைக்கு நீங்கள் சொல்லேக்கையே தெரியும். அக்கான்ரை மணிக்கூடு இன்னும் யாழ்ப்பாணத்திலைதானே ஓடுது." மெல்லச் சிரித்தான். "ஆனா ஒருவேளை நான்தான் பிழையோ எண்டும் இருந்தது. உங்களைத் தவறவிட்டா என்ன செய்யிறது? அதுதான் ரெண்டரைக்கே வந்து இருந்திட்டன்."

"இஞ்சாலை திரும்பு, பாப்பம்."

"வெயில் அடிக்குது அக்கா. இப்பிடியே பாருங்கோ. நான்தானே, தெரியுதுதானே?"

தெரிந்தது. அவனேதான். அந்த அளவில் அவள் திருப்திப்பட்டிருக்கலாம். ஆனால் நோக் தன் தொழிலில் கெட்டிக்காரி. ஒரு அக்கா தம்பியைப் பார்க்கிறாள், பின்னால் கோபுரம் தெரிந்தால் படம் நன்றாக இருக்கும் என்று நினைத்து, கமராவை அப்படியே மறுபக்கம் சுற்றிக் கொண்டுபோனாள்.

இடது கண் இருந்த இடத்தில் தோல் ஒட்டி மூடியிருந்தது. புருவத்திலிருந்து கன்னம்வரை ஒரு தழும்பு.

சின்யோராவின் மூச்சு மட்டும் அறையில் கேட்டது. அவன் தலையைக் குனிந்துகொண்டான்.

"எப்ப?" என்றாள் கடைசியில்.

"போன பங்குனி. கம்பி வெட்டேக்கை தெறிச்சது."

"ஆஸ்பத்திரிக்குப் போகேல்லையோ?"

"போனாக் கடதாசி கேப்பாங்கள் அக்கா. கூட இருந்த பெடியள் ஒரு டொக்டரைக் கூட்டியந்து காட்டினவங்கள். பிந்திப்போச்சு."

"அப்ப உன்ரை நாப்பத்திரண்டாம் மாடி?"

"அது பொய்யில்லை. அதைக் கட்டேக்கை நான் நிண்டனான். கட்டி முடிச்ச பிறகு எங்களை உள்ளை விடுவினமே?"

அவளுக்குக் கோபம் வந்தது. யாரைக் கோபிப்பது என்றுதான் தெரியவில்லை. முகத்தைக் காணவேண்டும் என்று ஆண்டவனைக் கேட்டதும் அவள்தான், இப்போது காணாமலே இருந்திருக்கலாம் என்று நினைப்பதும் அவள்தான்.

"அம்மாக்குச் சொல்லிப்போடாதேங்கோ. சின்யோராக்களிட்டையும் சொல்லிக்கொண்டு திரியாதேங்கோ. நான் அங்கை நிக்கிறதாவே இருக்கட்டும்."

"நீ சாப்பிடுறியோ ஒழுங்கா?" என்று கேட்டாள்.

"ஓம் ஓம். நான் வாறன் அக்கா, அங்காலை பொலிஸ்காரன் ஒருத்தன் நிக்கிறான்."

காதுக் கருவியைத் துடைத்து நோக்கிடம் கொடுத்தான். வீதியைக் கடக்கும்போது, இடப்பக்கம் வரும் வாகனத்தைப் பார்க்க, முழுத் தலையையும் தோளுக்கு மேலால் திருப்பவேண்டியிருந்தது அவனுக்கு. இரண்டு தரம் திருப்பினான். பிறகு சனத்துக்குள் மஞ்சள் மறைந்தது.

"சின்யோரா," என்றாள் நோக் மெதுவாக. "மன்னியுங்கள். நான் அந்தப் பக்கம் சுற்றியிருக்கக் கூடாது."

"இல்லை மகளே. நான் பார்க்கத்தானே வந்தேன்," என்றாள் ஞானம்பிகை. "நீ படகுக்குப் போ."

பதினொரு மணிக்கு முந்தி ஒரு குளிசை கொடுக்கவேண்டும். குசினிக்குப் போய்த் தண்ணீர் எடுத்தாள். குழாயைத் திறந்தபடியே கொஞ்ச நேரம் நின்று அழுதாள். முகம் கழுவிக்கொண்டு திரும்பி வந்தபோது திரையில் ஆறு. நோக் நின்றது அக்கரையில் ஒரு மொட்டைமாடியில். அங்கிருந்து பார்க்க, சாய்ந்த வெயிலில், கண்ணாடிக் கட்டடங்கள் ஒன்றின் தோளில் ஒன்று ஏறி நின்றன. எத்தனை யன்னல்கள். எல்லாம் துடைத்து வைத்த மாதிரி மின்னின.

சின்யோரா கண் விழித்தார். "கோவில் முடிந்துவிட்டதா?"

"முடிந்துவிட்டது, சின்யோரா. நீங்கள் எல்லாம் பார்த்தீர்கள்."

"பொய்க்காரி," என்றார் சின்யோரா அன்பாக. குளிசையை விழுங்கிவிட்டுத் திரையைக் கூர்ந்து பார்த்தார். "ஞானா, உன் தம்பி வேலை செய்கிற கட்டடம் எது? நாற்பத்திரண்டாம் மாடி என்பாயே."

திரையில் கமரா அசையவில்லை. மைக் திறந்தபடியே இருந்தது. அங்கே நோக்குக்குக் கேட்டிருக்கவேண்டும். அவள் காத்துக்கொண்டு நின்றாள்.

ஞானம்பிகை திரைக்குக் கிட்டப்போய், எல்லாவற்றிலும் உயரமாக நின்ற ஒன்றின் மேல் விரலை வைத்தாள். கமரா மெல்ல அதை நெருங்கியது.

"மாதோன்னா! எவ்வளவு உயரம்," என்றார் சின்யோரா. "அங்கிருந்து பார்த்தால் எல்லாம் தெரியுமா?"

"தெரியும், சின்யோரா," என்றாள் ஞானம்பிகை. "எல்லாம் நன்றாகத் தெரியும் என்று சொன்னான்."